புளூடூத் தேடுகருவிகளின் வீச்செல்லை

சாவிக்கொத்து, பணப்பை போன்றவற்றில் இணைக்கப்படும் புளூடூத் தேடுகருவிக்குத் தான் இருக்கும் இடம் தெரியாது. ஜி.பி.எஸ். இல்லாத இச்சிறு வில்லை, 2.4 கிகாஹெர்ட்ஸ் அலையில் தன் அடையாளக் குறியை மட்டும் விட்டுவிட்டு ஒலிபரப்புகிறது.

நோக்கியா 2006-இல் அறிவித்த வைப்ரீ நுட்பம், 2010-இல் புளூடூத் 4.0-இன் குறைந்த மின்திறன் வடிவமாக ஏற்கப்பட்டது. நாணயம் போன்ற ஒரே மின்கலத்தில் மாதக்கணக்கில் இயங்கும் கருவிகள் அதன் பின்னரே வந்தன. திறந்தவெளியில் பல பத்து மீட்டர் எட்டும் இவ்வலை, கான்கிரீட் சுவரிலும் மனித உடலிலும் வெகுவாகத் தேய்ந்துவிடும். ஒலிபரப்பு வலிமையைக் கூட்டினாலோ மின்கலம் விரைவில் தீரும்.

2013-இல் பொதுமக்களிடம் முன்பணம் திரட்டிய டைல் நிறுவனம் வேறு வழி கண்டது. அதன் செயலியுள்ள எவருடைய திறன்பேசியும் அருகில் வரும் வில்லையின் குறியைப் பெற்று, தன் இருப்பிடத்துடன் அனுப்பிவைக்கும். 2021 ஏப்ரலில் ஆப்பிளின் ஏர்டேக் வெளியானபோது, தனிச்செயலி இன்றியே கோடிக்கணக்கான ஐபோன்கள் அப்பணியைச் செய்தன. அலையின் வீச்சு பெரிதாகக் கூடவில்லை. அதைப் பெறும் பேசிகளே பெருகின.

பிறர் பையிலும் வாகனத்திலும் ஒளித்துவைத்து அவர்களைப் பின்தொடரவும் இதே வலையமைப்பு உதவியது. ஐபோன் தானாக எச்சரித்தது. ஆண்ட்ராய்டு பேசிகளுக்கு அவ்வசதி 2023-இல்தான் கிடைத்தது. ஆப்பிளும் கூகுளும் சேர்ந்து வகுத்த பொது முறை 2024 மே மாதம் நடைமுறைக்கு வந்தது.