வங்கியாளரின் மகன்

மகன் கலைஞனாகிவிட்டால் தந்தையை அவனுக்கு எதிரியாக்கிவிடுவது வாழ்க்கை வரலாறு எழுதுபவர்களுக்குச் சௌகரியமான காரியம். பால் செஸான் விஷயத்திலும் இதுவே பெரும்பாலும் நடந்திருக்கிறது. தொப்பி வியாபாரியாகத் தொடங்கி 1848-ல் தென் பிரான்ஸின் எக்ஸ் நகரில் வங்கி நிறுவியவர் தந்தை லூயி-ஓகுஸ்த். மகனைச் சட்டம் படிக்க வைத்தார். ஓவியத்தில் அவருக்கு நம்பிக்கை இல்லை. ஆயினும் மகன் ஓவியம் பயிலப் பாரீஸ் போனபோது மாதப்பணம் கொடுத்தவரும் அவர்தான்.

1866-ல் செஸான் தந்தையைப் பெரிய அளவில் வரைந்தான். நாற்காலியில் அமர்ந்து பத்திரிகை படிக்கிறார். அது அவர் வழக்கமாகப் படிக்கும் பத்திரிகை அல்ல. பள்ளித் தோழன் ஸோலா அவ்வாண்டு புதிய ஓவியர்களை ஆதரித்து எழுதிய 'லெவெனெமான்'. பின்சுவரில் செஸானின் சிறு ஓவியமொன்று தொங்குகிறது. வீட்டில் கிடைக்காத அங்கீகாரத்தை மகன் சித்திரத்துக்குள் தானே ஏற்பாடு செய்துகொண்டான்.

அந்தப் பணத்துக்கு ஒரு விலையும் இருந்தது. ஓர்தான்ஸ் ஃபிகேயையும் அவளிடம் 1872-ல் தனக்குப் பிறந்த மகனையும் செஸான் தந்தையிடமிருந்து மறைத்தான். 1878-ல் அவனுக்கு வந்த கடிதமொன்றைத் தந்தை பிரித்துப் படித்ததில் விஷயம் வெளிப்பட்டது. மாதப்பணம் குறைந்தது. ஸோலா சில மாதங்கள் ஓர்தான்ஸுக்கு 60 பிராங்க் அனுப்பினான். அப்போது செஸானுக்கு வயது 39. அவளை மணந்தது 1886 ஏப்ரலில்தான். அக்டோபரில் தந்தை இறந்தார். சொத்து கைக்கு வந்தது.

ஆனால் வேறொன்றையும் கணக்கில் சேர்க்கவேண்டும். பாரீஸின் ஸலோன் கண்காட்சி 1882-ல் ஒருமுறை தவிர அவன் படங்களை ஏற்கவில்லை. முதல் தனிக் கண்காட்சி நடந்தது 1895-ல், 56-ஆம் வயதில். விற்பனையை நம்பியிருந்தால் இத்தனை ஆண்டுகள் தாக்குப்பிடித்திருக்க முடியாது. வாங்குபவன் ருசிக்கு இணங்கியிருக்க வேண்டும். ஒரே மலையை, ஒரே ஆப்பிள்களை, அவசரமின்றித் திரும்பத் திரும்பப் பார்க்கும் அவகாசம் வங்கிப் பணத்தில் வந்தது.

மகனின் கலையை நம்பி அவர் அதைத் தரவில்லை என்பதுதான் முக்கியம். நம்பிக்கை வைக்கும் புரவலன் பலனை எதிர்பார்ப்பான்; எப்படி வரையவேண்டும் என்று யோசனையும் சொல்வான். லூயி-ஓகுஸ்த் மகனின் வாழ்க்கையில் தலையிட்டார்; சித்திரத்தில் தலையிடவில்லை. தந்தையின் பாதிப்பை மகன் எடுத்துக்கொண்ட விஷயங்களில் தேடிப் பயனில்லை. அவன் தூரிகையின் நிதானத்தில் தேடவேண்டும்.