ஒரு வாக்குமூலம் போகும் தூரம்

பொலிஸ் நிலையத்து மேசையில் கிடக்கும் ஒரு தடித்த புத்தகத்தில்தான் அது பிறக்கிறது. பதிகிற உத்தியோகத்தர் திகதியும் நேரமும் எழுதுவார். எதிரே இருப்பவரின் பெயர், வயது, தொழில், விலாசம் கேட்பார். பிறகு நிமிர்ந்து பார்க்காமலே, "சொல்லுங்க" என்பார். சொல்ல வந்தவர் சாய்ந்தமருதில் ஒரு தாயாக இருக்கலாம், நிந்தவூர் வயல்காரராக இருக்கலாம், மருதமுனையில் தறி நெய்பவராக இருக்கலாம். அவர் சொல்வது தமிழ். எழுதுகிறவருக்குத் தமிழ் எழுத வராவிட்டால் புத்தகத்தில் விழுவது சிங்களம். எல்லாம் முடிந்ததும், வாசித்து விளக்கப்பட்டது, சரியென ஏற்று ஒப்பமிடுகிறேன் என்ற கருத்தில் கடைசியாக ஒரு வரி வரும். அதன் கீழே கையொப்பம் அல்லது மை தடவிய பெருவிரல் அடையாளம்.

அந்தக் கடைசி வரி உண்மையா? இலங்கையின் இந்தக் கிழக்குக் கரையில் நீதி பெறுவதும் இழப்பதும் பெரும்பாலும் அந்தக் கேள்வியில்தான் தங்கியிருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

1961இல் மட்டக்களப்பிலிருந்து பிரித்து உருவாக்கப்பட்டது அம்பாறை மாவட்டம். கல்முனை முதல் பொத்துவில் வரை கரையோரமெல்லாம் தமிழ் பேசும் ஊர்கள். மாவட்டத் தலைநகரான அம்பாறை சிங்களம் பேசும் நகரம். உள்நாட்டிலிருந்து மாற்றலாகி வரும் பொலிஸ் உத்தியோகத்தர் எல்லோருக்கும் தமிழ் தெரிந்திருக்கும் என்று எதிர்பார்க்க முடியாது. இதை ஒரு தனி மனிதரின் குறையாக நான் சொல்லவில்லை. ஆனால் மேசைக்கு இந்தப் பக்கம் இருக்கிற உம்மாவுக்கு அது யாருடைய குறையாக இருந்தால் என்ன?

சட்டம் இதை நினைக்காமல் விடவில்லை. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 109ஆம் பிரிவு, வாய்மொழியாக வரும் முறைப்பாட்டைச் சொல்லப்பட்ட மொழியிலேயே எழுதச் சொல்கிறது. உத்தியோகத்தரால் முடியாவிட்டால், முறைப்பாட்டாளரையே எழுதித் தரும்படி கேட்க வேண்டும். அவருக்கும் முடியாவிட்டால்தான் வேறு தேசிய மொழியில் எழுதலாம். அப்போதும் காரணத்தைக் குறித்துவிட்டு, எழுதியதை அவருக்கு விளங்கும் மொழியில் சொல்லிக் காட்ட வேண்டும். 110ஆம் பிரிவு சாட்சிகளின் வாக்குமூலத்தைப் பற்றியது. எழுதியதை வாசித்துக் காட்ட வேண்டும், மொழி விளங்காதவருக்கு உரைபெயர்க்க வேண்டும், அவர் திருத்தம் சொல்லவும் மேலதிகமாகச் சேர்க்கவும் இடம் கொடுக்க வேண்டும் என்கிறது. ஆனால் யார் உரைபெயர்ப்பது? அங்கேதான் ஓட்டை. நீதிமன்றத்தில் சத்தியம் செய்த உரைபெயர்ப்பாளர் உண்டு. பொலிஸ் மேசையில் இருப்பது கொஞ்சம் தமிழ் தெரிந்த இன்னொரு கன்ஸ்டபிள், அல்லது கூட வந்த சொந்தக்காரர்.

அந்த மேசையில் என்ன நடக்கும் என்று ஒரு சின்ன விஷயத்தை எடுத்துப் பார்ப்போம். "வாப்பா அசர் தொழுதுட்டு வரக்குள்ளதான் அவன் வந்த" என்று ஒரு பிள்ளை சொல்கிறது. அசர் என்றால் பின்னேரத் தொழுகை. கரையோர முஸ்லிம் ஊரில் இதைவிடத் துல்லியமாக நேரம் சொல்ல முடியாது. ஆனால் புத்தகத்துக்கு மணி வேண்டும். "நாலு மணி இருக்குமா?" என்று கேட்டால் பிள்ளை தலையை ஆட்டும். பெரியவர், அதுவும் சீருடை போட்டவர், கேட்டால் எந்தப் பிள்ளைதான் ஆட்டாது? பி.ப. 4.00 என்று பதிவாகிவிடும். அசருடைய நேரமோ வருடத்தில் மாதத்துக்கு மாதம் நகர்வது. இரண்டு மூன்று வருடம் கழித்து சாட்சிக் கூண்டில் அந்தப் பிள்ளை மறுபடியும் "அசர் தொழுதுட்டு" என்று சொல்லும். எதிர்த்தரப்புச் சட்டத்தரணி, அன்று அசர் மூன்றரைக்கு முன்பே முடிந்துவிட்டதே, நீர் பொலிசுக்கு நாலு மணி என்றல்லவா சொன்னீர் என்பார். பிள்ளை சொன்னது மாறவில்லை. மாறியது எழுத்து.

இங்கே சட்டத்தின் இன்னொரு விதியையும் தெரிந்துகொள்ள வேண்டும். 110ஆம் பிரிவின்படி பொலிசுக்குக் கொடுத்த வாக்குமூலத்தை, கொடுத்தவரின் சாட்சியத்துக்குப் பலம் சேர்க்கப் பயன்படுத்த முடியாது. ஆனால் அவர் முன்னுக்குப் பின் முரணாகப் பேசுகிறார் என்று காட்டப் பயன்படுத்தலாம். சரியாக எழுதியிருந்தால் அவருக்குப் பெரிய நன்மை இல்லை. பிழையாக எழுதியிருந்தால் அவரையே திருப்பிக் குத்தும். அதனால்தான் முதல் மேசையில் விழுகிற ஒரு பிழை பின்னால் வருகிற எந்தப் பிழையையும்விடப் பாரதூரமானது.

அங்கிருந்து வாக்குமூலம் பயணம் புறப்படுகிறது. பொலிசார் விசாரணை விவரம் சொல்லும் பி அறிக்கையோடு நீதவான் நீதிமன்றத்துக்குப் போகிறார்கள். குற்றம் பாரதூரமானதென்றால் வழக்குக் கோவை கல்முனையை விட்டுக் கொழும்பு புதுக்கடைக்கு, சட்டமா அதிபர் திணைக்களத்துக்குப் போகிறது. அங்கே அதைப் படிக்கிற அரச சட்டத்தரணி அந்தப் பிள்ளையையோ உம்மாவையோ பார்த்ததில்லை. அவருக்கு அந்தத் தாள்தான் சாட்சி. குற்றப்பத்திரிகை தயாராகி மேல் நீதிமன்றத்துக்குத் திரும்பி வரும்போது, அதே சொற்கள் மறுபடியும் தமிழாக வேண்டும். ஏனென்றால் அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரைப்படி இங்கே வழக்கு தமிழில் நடக்கும். மேன்முறையீடு என்றால் மறுபடி கொழும்பு, மறுபடி மொழிபெயர்ப்பு. தமிழில் புறப்பட்ட ஒரு சொல் சிங்களமாகிப் போய்த் தமிழாகத் திரும்பி வரும்போது பழைய முகத்தோடு இருக்கும் என்று யாரால் உறுதி சொல்ல முடியும்?

இந்தக் கிழக்கிலிருந்து புறப்பட்டு மிகத் தூரம் போன வாக்குமூலம் நல்லரத்தினம் சிங்கராசாவுடையதாகத்தான் இருக்கும். மட்டக்களப்புக்காரர், தமிழ் மட்டும் தெரிந்தவர். 1993 ஜூலையில் ஒரு சுற்றிவளைப்பில் கைதானார். அந்த ஆண்டு டிசம்பரில் உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் ஒருவர் முன்னிலையில் அவருடைய ஒப்புதல் வாக்குமூலம் எடுக்கப்பட்டது. அறையில் இருந்த மற்றவர் ஒரு கன்ஸ்டபிள். அவரே தமிழுக்கும் சிங்களத்துக்கும் இடையில் உரைபெயர்த்தார், அவரே தட்டச்சும் செய்தார். சிங்களத்தில் இருந்த அந்தத் தாளில் சிங்கராசாவின் பெருவிரல் அடையாளம் விழுந்தது. சாதாரண சட்டத்தில் பொலிசுக்குச் செய்த ஒப்புதல் செல்லாது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் செல்லும். அது பலவந்தமாகப் பெறப்பட்டது என்று நிரூபிக்கும் பொறுப்பும் குற்றஞ்சாட்டப்பட்டவர் தலையில். 1995இல் கொழும்பு மேல் நீதிமன்றம் 50 வருடச் சிறைத்தண்டனை கொடுத்தது. 1999இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் அதை 35 வருடமாகக் குறைத்தது. அந்தத் தாளுக்கு அப்பால் அவருக்கெதிராக வேறு சான்று இருக்கவில்லை.

பிறகு வழக்கு ஜெனீவா போனது. ஐக்கிய நாடுகள் மனித உரிமைகள் குழு 2004 ஜூலை 21ஆம் திகதி தன் கருத்தை வெளியிட்டது. விசாரணை செய்த இருவர் மட்டுமே இருந்த அறையில், அவர்களில் ஒருவரே உரைபெயர்ப்பாளராகவும் தட்டச்சாளராகவும் இருந்து பெற்ற ஒப்புதலை மட்டும் நம்பித் தீர்ப்பளித்தது நியாயமான விசாரணை ஆகாது என்றது. சிங்கராசா அந்தக் கருத்தோடு உயர் நீதிமன்றத்துக்குத் திரும்பி வந்தார். 2006 செப்டெம்பர் 15ஆம் திகதி உயர் நீதிமன்றம் தண்டனையை மீளாய்வு செய்ய மறுத்தது. அந்தக் குழுவிடம் முறையிட வழிவிடும் நெறிமுறையில் இலங்கை 1997இல் இணைந்ததே அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. ஒரு கன்ஸ்டபிளின் தட்டச்சு கண்டம் கடந்து போய், கண்டம் கடந்து திரும்பி வந்தும் அசையவில்லை.

சிங்கராசாவுக்குப் பேச ஒரு மொழியாவது இருந்தது. சொல்லே இல்லாதவர்களின் வாக்குமூலம் இன்னும் மோசமான பாதையில் போகிறது. 1895ஆம் ஆண்டின் சான்றுக் கட்டளைச் சட்டத்தில் 119ஆம் பிரிவு என்று ஒன்று உண்டு. பேச முடியாத சாட்சி எழுத்தாலோ சைகையாலோ சாட்சியம் சொல்லலாம். ஆனால் அதைத் திறந்த மன்றில் செய்ய வேண்டும். அப்படிச் சொன்னது வாய்மொழிச் சாட்சியமாகவே கொள்ளப்படும். இந்தப் பிரிவு 1872இல் ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன் இந்தியாவுக்காக வரைந்த சாட்சியச் சட்டத்திலிருந்து கடல் கடந்து வந்தது. பிறவியிலேயே காது கேளாதவர் சிந்திக்கத் தெரியாதவர் என்று ஆங்கிலேய நீதிமன்றங்கள் ஒரு காலத்தில் ஊகித்து வந்ததை வைத்துப் பார்த்தால் அது பெரிய முன்னேற்றந்தான். ஆனால் சைகை செய்யலாம் என்று அனுமதித்த சட்டம், அந்தச் சைகையை யார் படிப்பது என்று சொல்லவில்லை.

இலங்கையில் காது கேளாதோருக்கான முதல் பாடசாலை 1912இல் தொடங்கியது; அது இருப்பது இரத்மலானையில். தமிழ்ப் பிள்ளைகளுக்கான நஃபீல்ட் பாடசாலை 1956இல் யாழ்ப்பாணம் கைதடியில் தொடங்கியது. இரண்டும் கல்முனைக்குத் தூரம். பாடசாலைச் சைகை மொழியைப் படிக்கக் கிடைக்காத ஒருவருக்கு இருப்பது வீட்டுச் சைகை மட்டும். அதை உம்மாவும் ராத்தாவும்தான் படிப்பார்கள். எனவே பொலிஸ் நிலையத்தில் அவர்களே வாய் ஆகிறார்கள். குற்றம் வீட்டுக்கு வெளியே நடந்திருந்தால் பரவாயில்லை. வீட்டுக்குள்ளேயே நடந்திருந்தால்? குற்றம் செய்தவனே கூட வந்து உரைபெயர்க்கும் நிலைகூட வரலாம். அறிவு வளர்ச்சி குன்றியவர்கள் நிலை இன்னும் இக்கட்டானது. அவர்கள் கேட்டதற்கெல்லாம் ஓம் என்பார்கள். அந்த ஓம் எல்லாம் புத்தகத்தில் ஏறும்.

இதற்கு மருந்து இல்லாமல் இல்லை. 1972இல் லண்டனில் மெக்ஸ்வெல் கொன்ஃபெயிட் என்பவர் கொலையானார். பதினெட்டு வயது ஆனாலும் எட்டு வயதுப் பிள்ளையின் அறிவே கொண்ட ஒருவரும் இரண்டு சிறுவர்களும், பெற்றோரோ வேறு பெரியவரோ இல்லாமல் விசாரிக்கப்பட்டு, கொடுத்த ஒப்புதலை வைத்துத் தண்டிக்கப்பட்டார்கள். 1975இல் அந்தத் தீர்ப்புகள் இரத்தாகின. அதன் விளைவாக, 1984இல் இயற்றிய சட்டத்தின் வழியாக இங்கிலாந்தில் இப்படிப்பட்டவர்களை விசாரிக்கும்போது பொலிசைச் சேராத ஒருவர் பக்கத்தில் இருப்பது கட்டாயம். 1999ஆம் ஆண்டுச் சட்டம், சாட்சிக்கும் கேள்வி கேட்பவருக்கும் நடுவில் நிற்கப் பயிற்சி பெற்ற இடையாளரைக் கொண்டுவந்தது. ஸ்டீபனின் 119ஆம் பிரிவை இந்தியா 2013இல் மாற்றி எழுதியது: உரைபெயர்ப்பாளரோ விசேட ஆசிரியரோ உதவ வேண்டும், வீடியோவில் பதிய வேண்டும். பாலியல் வன்முறைக்கு ஆளான மாற்றுத்திறனாளியிடம் பொலிசார் அவருடைய வீட்டுக்கோ அவர் விரும்பும் இடத்துக்கோ போய், அதே உதவியோடு முறைப்பாட்டைப் பெற வேண்டும் என்றும் விதித்தது.

இலங்கையும் இந்த வழியில் ஓரடி வைத்திருக்கிறது. 1999ஆம் ஆண்டின் 32ஆம் இலக்கச் சட்டத்தின்படி சிறுவர் துஷ்பிரயோக வழக்குகளில் பிள்ளையின் முதல் நேர்காணலை வீடியோவில் பதிந்து மன்றில் காட்டலாம். அப்படிப் பதிந்தால் அசர் அசராகவே இருக்கும். யாரும் அதை நாலு மணியாக்க மாட்டார்கள். கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு 2011இல், பொலிஸ் நிலையங்களில் 24 மணி நேரமும் இரு மொழி தெரிந்தவர்கள் இருக்க வேண்டும், முறைப்பாட்டாளர் தான் விரும்பும் மொழியில் வாக்குமூலம் கொடுக்கும் உரிமை பெற வேண்டும் என்று பரிந்துரைத்தது. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகள் பற்றிய சமவாயத்தை இலங்கை 2016இல் ஏற்றது. அதன் 13ஆம் உறுப்புரை பொலிஸ் விசாரணைக் கட்டத்திலிருந்தே நீதிக்கு வழி திறக்கச் சொல்கிறது. தாள்கள் எல்லாம் இருக்கின்றன. மேசைக்குப் பக்கத்தில் ஒரு ஆள்தான் இல்லை. கல்முனை, சம்மாந்துறை, அக்கரைப்பற்று, பொத்துவில் பொலிஸ் நிலையங்கள் கூப்பிட்டால் வரக்கூடிய, பொலிசைச் சேராத, பயிற்சி பெற்ற உரைபெயர்ப்பாளர்களின் பட்டியல் ஒன்று வேண்டும். அதில் சைகை மொழி தெரிந்தவர்களும் விசேட கல்வி ஆசிரியர்களும் இருக்க வேண்டும். அவர்களுக்குக் கூலி அரசு கொடுக்க வேண்டும். கோடிக்கணக்கில் செலவாகிற காரியம் அல்ல இது. பள்ளிவாசல் நிர்வாகங்களும் சட்டத்தரணிகள் சங்கமும் மாதர் அமைப்புகளும் சேர்ந்து கேட்டால் நடக்கும்.

அதுவரைக்கும் இந்தக் கரையில் இருக்கிற ஒவ்வொருவருக்கும் ஒன்று சொல்ல விரும்புகிறேன். உங்களுக்குத் தெரியாத மொழியில் எழுதிய தாளில் வாசித்துக் காட்டாமல் கையொப்பம் போடாதீர்கள். பிழை இருந்தால் திருத்தச் சொல்லுங்கள். காது கேளாத பிள்ளையோ, விளங்கும் சக்தி குறைந்த சகோதரனோ உங்கள் வீட்டில் இருந்தால், அவர்களைத் தனியாக அந்த மேசைக்கு அனுப்பாதீர்கள். பொலிசார் மறுத்தால் கல்முனையில் இருக்கிற மனித உரிமைகள் ஆணைக்குழு அலுவலகத்தில் முறையிடுங்கள். வாசித்துக் காட்டும்படி கேட்கும் உரிமையை 110ஆம் பிரிவு உங்களுக்குத் தந்து நாற்பது வருடத்துக்கு மேலாகிவிட்டது.