ஹில் கிளைம்ப் ரேசிங்: வண்டி கவிழ்ந்துகிட்டே இருக்கா? ஆக்சிலேட்டரை எப்போ விடணும்னு தெரிஞ்சா போதும்!

ஆவடியில் இருந்து சென்ட்ரலுக்குப் போகும் காலை நேர மின்சார ரயில். ஜன்னல் ஓரத்தில் இடம் பிடித்தவர் கையில் போன். ஸ்க்ரீனில் ஒரு சிவப்பு ஜீப் மேடு ஏறுகிறது, மூக்கைத் தூக்குகிறது, அப்படியே பின்பக்கமாகக் கவிழ்கிறது. ஓட்டுநரின் தலை தரையில் மோதியதும் ஆட்டம் முடிந்தது. "ச்சே!" என்றபடி மறுபடியும் ஸ்டார்ட். அண்ணனூர் வருவதற்குள் நாலு தடவை கவிழ்ந்தாச்சு.

அதுதான் ஹில் கிளைம்ப் ரேசிங். ஃபின்லாந்தின் ஓலு நகரில் இருக்கும் ஃபிங்கர்சாஃப்ட் நிறுவனம் 2012-ல் வெளியிட்ட கேம். உருவாக்கியவர் டோனி ஃபிங்கரூஸ். நெட் இல்லாமலும் ஓடும், பழைய போனிலும் ஓடும் என்பதால் இத்தனை வருஷம் கழித்தும் ரயிலிலும் பஸ்ஸிலும் இதைப் பார்க்க முடிகிறது. இரண்டாம் பாகம் 2016-ல் வந்தது.

பார்க்க ரேஸ் கேம் மாதிரி இருந்தாலும் உண்மையில் இது பேலன்ஸ் கேம். இடது பக்கம் பிரேக், வலது பக்கம் ஆக்சிலேட்டர். இரண்டே பட்டன்தான். அப்புறம் ஏன் இவ்வளவு கஷ்டமா இருக்கு? வாங்க, ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதலில், வண்டி ஏன் கவிழ்கிறது?

பைக்கில் பின்னாடி ரெண்டு பேரை ஏற்றிக்கொண்டு, சிக்னல் விழுந்ததும் டக்குனு ஆக்சிலேட்டரை முறுக்கினால் என்ன ஆகும்? முன் சக்கரம் லேசாகிவிடும். ஹேண்டில் பிடியில் இல்லாத மாதிரி இருக்கும். கேமில் நடப்பதும் அதேதான்.

பின் சக்கரம் வண்டியை முன்னே தள்ளும்போது, வண்டியின் உடம்பு பின்பக்கமாகச் சாயப் பார்க்கும். சமதளத்தில் வண்டியின் எடை அதைச் சமாளித்துவிடும். மேட்டில் அப்படி இல்லை. வண்டி ஏற்கெனவே சாய்ந்து நிற்பதால் மொத்த எடையும் பின் சக்கரத்துப் பக்கம் போய்விடுகிறது. அந்த நேரத்தில் முழு ஆக்சிலேட்டர் கொடுத்தால் முன்பக்கம் எழும்பும். நிறை மையம் பின் சக்கரத்தைத் தாண்டிப் போய்விட்டால், அப்புறம் என்ன செய்தாலும் கவிழ்வதைத் தடுப்பது கஷ்டம்.

கவிழாமல் இருக்க நான்கு இடங்கள் முக்கியம்

1. ஏறும்போது: அழுத்திப் பிடிக்காதீங்க, தட்டுங்க

புதிதாக ஆடுபவர்கள் எல்லோரும் செய்யும் தப்பு இது. மேட்டைப் பார்த்ததும் ஆக்சிலேட்டரைக் கடைசி வரை அழுத்திப் பிடிப்பார்கள். அதற்குப் பதில், மேடு தொடங்குவதற்கு முன்பே சமதளத்தில் வேகம் எடுத்துவிட வேண்டும். ஏறும்போது முன் சக்கரத்தை மட்டும் பார்க்க வேண்டும். அது தரையை விட்டு எழும்பினால் விரலை எடுக்கணும், தரையைத் தொட்டதும் மறுபடி தட்டணும். தட்டி, விட்டு, தட்டி, விட்டு ஏறுவதுதான் வழி.

2. உச்சியில்: முன்கூட்டியே விடுங்க

மேட்டின் உச்சிக்கு வரும்போதும் ஆக்சிலேட்டர் அழுத்தியே இருந்தால், வண்டி மூக்கைத் தூக்கியபடி காற்றில் பறக்கும். பல ஆட்டங்கள் அப்போதே முடிந்துவிடுகின்றன. உச்சிக்குக் கொஞ்சம் முன்னாலேயே விரலை எடுத்துவிட்டால், வண்டி மேட்டின் வளைவோடு சேர்ந்து அந்தப் பக்கம் இறங்கும். பூந்தமல்லி பக்கம் வேகத்தடைகளைத் தினமும் தாண்டுகிறவர்களுக்கு இது சொல்லித் தர வேண்டியதே இல்லை. வேகத்தடை ஏறும்போது யாரும் முறுக்க மாட்டாங்க இல்லையா?

3. காற்றில்: இதுதான் பலருக்குத் தெரியாத விஷயம்

வண்டி தரையில் இல்லாதபோது பட்டனை அழுத்தி என்ன பிரயோஜனம் என்று நினைப்போம். ஆனால் காற்றில்தான் இந்த இரண்டு பட்டனுக்கும் இன்னொரு வேலை இருக்கிறது. ஆக்சிலேட்டரை அழுத்தினால் மூக்கு மேலே போகும். பிரேக்கை அழுத்தினால் மூக்கு கீழே வரும்.

இது கேமுக்காகச் செய்த மாயாஜாலம் இல்லை. பிளஸ் 1 இயற்பியலில் வரும் கோண உந்தம்தான். சுழலும் ஆபீஸ் நாற்காலியில் காலைத் தரையில் வைக்காமல் உட்கார்ந்து, இரண்டு கையையும் வேகமாக வலது பக்கம் வீசிப் பாருங்கள். நாற்காலி இடது பக்கம் திரும்பும். அதே மாதிரி, காற்றில் சக்கரம் முன்னோக்கி வேகமாகச் சுற்றினால் வண்டியின் உடம்பு பின்னோக்கித் திரும்பும், மூக்கு எழும். சுற்றிக்கொண்டிருந்த சக்கரத்தை பிரேக் நிறுத்தினால், அந்தச் சுழற்சி வண்டியின் உடம்புக்கு வந்துசேரும், மூக்கு தாழும். மோட்டோகிராஸ் பைக் வீரர்கள் தாவும்போது நிஜமாகவே இப்படித்தான் பைக்கைச் சரிசெய்கிறார்கள். (பயிற்சி பெற்றவர்கள், அதற்கான களத்தில் செய்வது. நம்ம ரோட்டில் முயற்சி பண்ண வேண்டாம்.)

4. இறங்கும்போது: சரிவோடு சரிவாக

வண்டி நேராக இருந்தால் சரியாக இறங்கும் என்று நினைப்பதும் தப்பு. தரை எந்தக் கோணத்தில் இருக்கிறதோ அதே கோணத்தில் வண்டி இருக்க வேண்டும். இறக்கத்தில் விழப்போகிறது என்றால் மூக்கைக் கொஞ்சம் தாழ்த்தணும், ஏற்றத்தில் விழப்போகிறது என்றால் தூக்கணும். இரண்டு சக்கரமும் ஒரே நேரத்தில் தரையைத் தொட்டால் வேகமும் குறையாது, வண்டியும் குதிக்காது. அதனால் காற்றில் இருக்கும்போது ஜீப்பைப் பார்க்காமல், அது விழப்போகும் தரையைப் பாருங்கள்.

அப்போ மெதுவாகவே போனால் போதுமா?

போதாது. பெட்ரோல் இருக்கே! சும்மா நின்றாலும் கேமில் பெட்ரோல் குறைந்துகொண்டே இருக்கும். அடுத்த கேனை எடுப்பதற்குள் தீர்ந்தால் ஆட்டம் காலி. தூரம் போகப் போக கேன்களுக்கு இடையே உள்ள இடைவெளியும் கூடும். பயந்து பயந்து ஓட்டுபவர் கவிழ மாட்டார், ஆனால் பெட்ரோல் தீர்ந்து நிற்பார். வேகமாக ஓட்டுபவருக்கு பெட்ரோல் மிச்சம் இருக்கும், ஆனால் கவிழ்ந்துவிடுவார். கேமின் மொத்த சுவாரசியமும் இந்த இழுபறியில்தான் இருக்கிறது.

இதற்கு ஒரு எளிய கணக்கு: சமதளத்திலும் நீண்ட இறக்கத்தின் அடிவாரத்திலும் தாராளமாக அழுத்துங்கள், மேட்டில் மட்டும் கஞ்சத்தனம் காட்டுங்கள். பெட்ரோல் தீர்ந்த உடனே போனை வைத்துவிடவும் வேண்டாம். இறக்கத்தில் இருந்தால் வண்டி உருண்டே போய் அடுத்த கேனைத் தொட வாய்ப்பு உண்டு. தொட்டால் ஆட்டம் தொடரும்.

காயினை எதில் போடுவது?

ஜீப்பில் மேம்படுத்த நான்கு விஷயங்கள்: இன்ஜின், சஸ்பென்ஷன், டயர், ஃபோர் வீல் டிரைவ். பலரும் கிடைத்த காயினை எல்லாம் இன்ஜினில் கொட்டுவார்கள். விளைவு? இன்னும் வேகமாகக் கவிழ்வார்கள். ஏனென்றால் இன்ஜின் சக்தி கூடினால் மூக்கைத் தூக்கும் விசையும் கூடும்.

சக்தியை விட அதைத் தரையில் இறக்குவதுதான் பெரிய வேலை என்பது சென்னையின் மேற்குப் பகுதிக்குப் புதுசு இல்லை. 1961-ல் தொடங்கிய ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலையில் விஜயந்தா முதல் அர்ஜுன் வரை டாங்கிகள் உருவாகியிருக்கின்றன. அர்ஜுனை வடிவமைத்ததும் ஆவடியில் உள்ள டி.ஆர்.டி.ஓ. ஆய்வகம்தான். 60 டன் அளவு எடையுள்ள வண்டி மேடுபள்ளத்தில் ஆடாமல் போவதற்காக, அதில் வாயுவும் எண்ணெயும் அழுத்தத்தில் வேலை செய்யும் சஸ்பென்ஷன் உண்டு. பக்கத்தில் அம்பத்தூரில் சைக்கிளும் டயரும், பாடியில் பிரேக்கும் சக்கரமும் தயாரித்த தொழிற்சாலைகள். அந்த கம்பெனிகளில் வேலை பார்த்தவர் யாராவது வீட்டில் இருந்தால் கேட்டுப் பாருங்கள். "இன்ஜின் மட்டும் இருந்தா வண்டி ஆகிடுமா?" என்பார்கள்.

கேமிலும் அப்படித்தான். நான்கையும் சேர்த்து சேர்த்து ஏற்றுவது நல்லது.

சஸ்பென்ஷன்: இறங்கும்போது வண்டி பந்து மாதிரி குதிப்பதைக் குறைக்கும்.

டயர்: பிடிமானம் தரும். பனி நிறைந்த ஆர்க்டிக் களத்தில் இது இல்லாவிட்டால் சக்கரம் சுற்றும், வண்டி நகராது.

ஃபோர் வீல் டிரைவ்: சக்தி முன் சக்கரத்துக்கும் போகும். ஏற்றத்தில் மூக்கு தூக்குவது குறையும்.

இன்ஜின்: மற்ற மூன்றும் கொஞ்சம் ஏறிய பிறகு.

புதிய களங்களைத் திறக்கவும் அவசரம் வேண்டாம். முதல் களமான கன்ட்ரிசைடில் கை பழகிவிட்டால், வேறு களங்களுக்கும் அதே பழக்கம்தான். நிலவுக் களம் மட்டும் கொஞ்சம் வேறு மாதிரி. நிஜ நிலவில் ஈர்ப்பு விசை பூமியில் இருப்பதில் ஆறில் ஒரு பங்குதான். கேமிலும் அங்கே ஒரு சின்ன மேடு கூட வண்டியை ரொம்ப நேரம் மிதக்க விடும். அதனால் அங்கே பட்டனைத் தொடுவதும் சின்னச் சின்னதாகத்தான் இருக்க வேண்டும்.

மூன்று ஸ்டேஷன் பயிற்சி

அம்பத்தூரில் ஏறி வில்லிவாக்கம் போகிறீர்களா? நடுவில் பட்டரவாக்கம், கொரட்டூர். மொத்தம் மூன்று இடைவெளி. இப்படிப் பிரித்து ஆடிப் பாருங்கள்.

பட்டரவாக்கம் வரை: தூரத்தைப் பற்றிக் கவலை வேண்டாம். முன் சக்கரம் தரையை விட்டு எழாமல் மேடு ஏறுவது மட்டும்.

கொரட்டூர் வரை: வேண்டுமென்றே தாவுங்கள். காற்றில் பிரேக்கைத் தட்டி மூக்கைத் தாழ்த்தி, சரிவோடு இறங்குவது மட்டும். கவிழ்ந்தால் கவிழட்டும்.

வில்லிவாக்கம் வரை: இரண்டையும் சேர்த்து ஒரே ஒரு முழு ஆட்டம்.

வண்டி பிளாட்பாரத்துக்குள் நுழைந்ததும் போன் பாக்கெட்டுக்குள் போயிடணும். படியில் நின்றுகொண்டோ தண்டவாளத்தைக் கடந்துகொண்டோ ஆடும் ஆட்டத்துக்கு ரீஸ்டார்ட் பட்டன் கிடையாது.

காசு போட்டால் சீக்கிரம் ஜெயிக்கலாமா?

நிஜப் பணம் கொடுத்துக் காயின் வாங்கும் வசதி கேமுக்குள் இருக்கிறது. காயின் வாங்கினால் பெரிய இன்ஜின் கிடைக்கும். ஆனால் எப்போது விரலை எடுக்கணும் என்ற பழக்கம் கிடைக்காது. அது ஆடி ஆடித்தான் வரும். பிள்ளைகள் கையில் போன் கொடுக்கிறீர்கள் என்றால், பிளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஒவ்வொரு பர்ச்சேஸுக்கும் பாஸ்வேர்டு கேட்கும்படி மாற்றிவிடுங்கள். நெட்டை அணைத்துவிட்டு ஆடச் சொன்னாலும் கேம் ஓடும், விளம்பரத் தொல்லையும் குறையும்.

"அளவில்லாத காயின்" என்று வாட்ஸ்அப், டெலிகிராமில் சுற்றும் மாற்றப்பட்ட ஆப்களைத் தொடாதீர்கள். யார் செய்தது, உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாத ஆப் அது. ஒரு ஜீப் கேமுக்கு உங்கள் எஸ்.எம்.எஸ்-ஐப் படிக்க எதற்கு அனுமதி? வங்கி ஓ.டி.பி. வருவதும் அதே எஸ்.எம்.எஸ்-ல்தான்.

இன்னொரு முக்கியமான விஷயம். இலவச கேம்களுக்கு நடுவே "விளையாடி சம்பாதிக்கலாம்" என்று விளம்பரம் வந்தால், அது வேறு உலகம். பணம் கட்டி, பணம் ஜெயிக்கலாம் என்ற எதிர்பார்ப்பில் ஆடும் ஆன்லைன் ஆட்டங்களை, 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் தடை செய்கிறது. தமிழ்நாட்டில் ஆன்லைன் சூதாட்டத்துக்கு எதிரான சட்டம் 2022-லேயே நிறைவேறியது. ஹில் கிளைம்ப் ரேசிங்கில் ஜெயிக்கும் காயினைக் கேமுக்குள்தான் செலவு செய்ய முடியும். அதைப் பணமாக மாற்றித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஏமாந்துவிட்டால் தாமதிக்காமல் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்குப் போன் செய்யுங்கள்.

சுருக்கமாக

மேட்டில் அழுத்திப் பிடிக்காமல் தட்டுங்கள். உச்சிக்கு முன்னால் விரலை எடுங்கள். காற்றில் ஆக்சிலேட்டர் மூக்கைத் தூக்கும், பிரேக் தாழ்த்தும். தரையின் சரிவோடு இறங்குங்கள். காயினை நான்கு பாகத்துக்கும் பிரித்துப் போடுங்கள்.

ஆக்சிலேட்டர் எல்லோருக்கும் அழுத்தத் தெரியும். அதை விடத் தெரிந்தவர் வண்டிதான் அடுத்த கேன் வரை போகும். நாளைக்கு ரயிலில் ஒரு தடவை முயற்சி பண்ணிப் பாருங்க!