கேட்கும் முகம்: டி.எஸ். பாலையாவின் நடிப்பில் ஒரு தொடர்ச்சி

டி.எஸ். பாலையாவின் (1914–1972) திரைவாழ்வை இரண்டாக வகுத்துப் பேசுவது நம் திரைப்பட ஆய்வில் நிலைத்துவிட்ட வழக்கம். 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’ தொடங்கி வில்லன். 1964இல் ‘காதலிக்க நேரமில்லை’ வந்தபின் சிரிக்கவைக்கும் குணச்சித்திர நடிகர். இந்தப் பகுப்பை ‘வேலைக்காரி’யும் (1949) ‘தூக்குத் தூக்கி’யும் (1954) முன்பே உடைத்துவிட்டன. முன்னதில் அவர் நாயகனுக்கு வழிகாட்டும் நண்பன் மணி. பின்னதில் கொச்சைத் தமிழ் பேசும் சேட்; தீயவனும் அவரே, சிரிப்புக்கு உரியவரும் அவரே. எனவே 1964 ஒரு திருப்பமா என்பது இனி கேள்வியே அல்ல. இத்தனை வேடங்களுக்கும் அடியில் ஓடும் முறை எது என்பதுதான் கேள்வி. அதற்கு விடை, பலரும் நாகேஷின் தனிச்சொத்தாகக் கருதும் ஒரு காட்சியில் இருக்கிறது.

‘காதலிக்க நேரமில்லை’யில் செல்லப்பா (நாகேஷ்) தன் தந்தை விஸ்வநாதனுக்கு (பாலையா) பேய்ப்படக் கதை சொல்லும் காட்சியைத்தான் சொல்கிறேன். ஸ்ரீதர் இயக்கம், சித்ராலயா கோபு வசனம். கதையும் அதன் ஓசைகளும் நாகேஷின் வாயிலிருந்தே வருகின்றன. ஆகவே காட்சி அவருடையது, பாலையா ஒரு பின்னணி என்று எழுதிவந்திருக்கிறார்கள். இந்த வாசிப்பு செவிவழி வந்தது என்று கருதுகிறேன். பெரம்பலூர், அரியலூர் வட்டாரங்களில் ஒரு தலைமுறை இப்படங்களைக் கொட்டகையில் பார்த்ததைவிட வானொலி ஒலிச்சித்திரத்திலும் கோயில் திருவிழாக் குழாய் ஒலிபெருக்கியிலும் கேட்டதே அதிகம். ஒலி மட்டும் எட்டும் இடத்தில் இந்தக் காட்சி பெரும்பாலும் நாகேஷுடையதாகவே கேட்கும். ஆய்வாளர்களும் அந்தக் காதோடுதான் திரையின் முன் வந்து உட்கார்ந்தார்கள்.

திரையில் நடப்பது வேறு. அங்கே பேய் கிடையாது, இருட்டுக்கூடக் கிடையாது. பயம் என்ற ஒன்று அந்த அறைக்குள் வருவது விஸ்வநாதனின் முகம் வழியாக மட்டுமே. முதலில் அவரிடம் இருப்பது பணக்காரத் தகப்பனின் அலட்சியம். மகனுடைய பிழைப்பில் அவருக்கு நம்பிக்கை கிடையாது. பிறகு அந்த அலட்சியம் தளர்கிறது, கண் மகனை விட்டு விலக மறுக்கிறது, உடம்பு ஒடுங்குகிறது. நம்பாதவர் நம்பத் தொடங்கும் கணத்தைப் பாலையா அவசரப்படுத்துவதில்லை. அந்தக் கணம் பொய்த்திருந்தால் நாகேஷின் ஓசைகள் வெறும் பலகுரல் விளையாட்டாக நின்றிருக்கும்.

இது படத்தொகுப்பின் வேலை என்று ஒரு மறுப்பு எழலாம். ரஷ்ய நடிகர் மோஸ்யூகினின் ஒரே முகத்தை வெவ்வேறு காட்சித் துண்டுகளோடு ஒட்டி, பார்வையாளரே அதில் உணர்ச்சியைப் படித்துக்கொள்வதைக் குலெஷோவ் காட்டினாரே என்பார்கள். ஆனால் இங்கே சொல்பவரும் கேட்பவரும் ஒரே சட்டகத்தில் இருக்கும் தருணங்களே காட்சியைத் தாங்குகின்றன. வெட்டி ஒட்ட அங்கே இடமில்லை. வசனகர்த்தாவுக்கு உரிய பெருமையைக் கொடுத்துவிடலாம். எழுதிய வசனம் கேட்பவரின் முகத்தை எழுதித் தந்துவிடுவதில்லை.

அதே படத்தில் அசோகன் என்ற இளைஞன் பெரிய இடத்துப் பிள்ளை என்று நம்பிய மறுகணம் விஸ்வநாதன் குழைவதையும் இத்தோடு வைத்துப் பார்க்க வேண்டும். அதுவரை அவர் துச்சமாக நடத்திய அந்த இளைஞனுக்குத் திடீரென்று மரியாதை விகுதி கூடுகிறது. ஆனால் விகுதிக்கு முன்பே முகம் மாறிவிடுகிறது. செல்வத்தின் பேர் காதில் விழுந்ததும் கணக்குப் போடும் இந்தப் பேராசை முகம் அவருடைய வில்லன் வேடங்களின் மூலதனமும்கூட. 1930களின் தமிழ்ப் படங்கள் பலவற்றுக்குப் பிரதியே மிஞ்சவில்லை என்பதால், தொடக்க ஆண்டுகள் குறித்து இதை அளவோடு சொல்கிறேன். ஐம்பதுகளுக்குப் பிறகு இந்தத் தயக்கம் எனக்கு இல்லை.

‘திருவிளையாடல்’ (1965) இந்தக் கேட்கும் முகத்தை இன்னும் கூர்மையாக்குகிறது. ஏ.பி. நாகராஜன் அவருக்குக் கொடுத்தது பாண்டிய நாட்டையே பாட்டுக்கு அடிமையாக்க வந்த ஹேமநாத பாகவதர் வேடம். பாகவதர் பாடும்போது நாம் கேட்பது எம். பாலமுரளிகிருஷ்ணாவின் குரல். இரவில் ஒரு விறகுவெட்டியின் பாட்டு அவர் காதில் விழும்போதுதான் அந்த வேடம் முழுக்கப் பாலையாவின் கைக்கு வருகிறது. வித்தை தெரிந்தவன் மட்டுமே தன் தோல்வியை உடனே அறிய முடியும். ரசிப்பும் அச்சமும் அவமானமும் அந்த ஒரே முகத்தில் அடுத்தடுத்து வந்துபோகின்றன. தலைக்கனம் பிடித்த எதிராளி என்று தொடங்கிய வேடம், அந்த முகத்தால் நம் இரக்கத்துக்கு உரியதாகிறது. இதை ‘வில்லன்’ என்றோ ‘நகைச்சுவை’ என்றோ எந்தப் பெட்டியில் போடுவது?

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தின் தவில் வித்வான் முத்துராக்கைத் துணைவேடப் பட்டியலில் சேர்த்துவிட்டு இரண்டு பகுதிக் கொள்கையினர் கடந்துபோகிறார்கள். நாதஸ்வரம் அடுத்து எங்கே போகும் என்று காதைத் தீட்டி வைத்திருப்பதுதான் தவில்காரரின் தொழில். நாதஸ்வரக்காரராக வரும் சிவாஜி கணேசனின் பக்கத்தில் உட்கார்ந்து அந்தத் தொழிலைத் திரையில் செய்ய நாகராஜன் மறுபடியும் பாலையாவைத் தேடிப்போனதைத் தற்செயல் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை.