மார்க்கஸ் பார்ட்லி

மார்க்கஸ் பார்ட்லி (1917–1993): தென்னிந்தியத் திரைப்பட ஒளிப்பதிவாளர். ஆங்கிலோ-இந்தியக் குடும்பத்தில் பிறந்து, பத்திரிகைப் புகைப்படக்காரராகவும் பின்னர் செய்திப்படக் கேமராக்காரராகவும் தொழில் பயின்று, பி. என். ரெட்டியின் ‘ஸ்வர்க்க சீமா’ (1945) வாயிலாகக் கதைப்படத் துறையில் பிரவேசித்தவர். விளக்குகளை நிறுத்திச் சாவகாசமாகப் படமெடுக்கும் வசதி செய்திப்படக்காரனுக்குக் கிடையாது; கிடைத்த வெளிச்சத்தைக் கண்ணாலேயே அளந்து, நிகழ்ச்சி கைநழுவுமுன் அதைப் பிடித்தாக வேண்டும். இந்த அப்பியாசமே, எவ்வகைக் கதையிலும் வெளிச்சத்தை இயல்பு கெடாமல் கையாளும் சாமர்த்தியத்தை அவருக்கு அளித்தது என்று கருத இடமுண்டு.

விஜயா நிறுவனத்தின் மாந்திரீகக் கதையான ‘பாதாள பைரவி’ (1951), நகைச்சுவைச் சித்திரமான ‘மிஸ்ஸியம்மா’ (1955) ஆகிய இரண்டும் அவருடைய ஒளிப்பதிவே. எனினும் அவர் பெயரை நிலைநாட்டியது, கே. வி. ரெட்டி தமிழிலும் தெலுங்கிலும் இயக்கிய ‘மாயா பஜார்’ (1957). அதில் துவாரகை நகரம், ஸ்டூடியோவுக்குள் ஏறத்தாழ ஐம்பதடிக்கு அறுபதடி இடத்தில், சுமார் முந்நூறு சிறு வீடுகளாக நிர்மாணிக்கப்பட்டது. வீட்டைச் சிறிதாக்கத் தச்சனால் முடியும். வெளிச்சத்தை அவ்வாறு சுருக்கிவிட இயலாதாகையால், ஒரு நிழல் பிசகினாலும் மாநகரம் பொம்மைக் கொலுவாகிவிடும். அந்த அபாயம் நேராதபடி அவர் காத்ததோடு, படகில் காதலர் செல்லும் காட்சியில் நிலவொளியின் பிரமையையும் தோற்றுவித்தார். அதே படத்தில் லட்டுகள் தாமாக எழுந்து நடிகர் எஸ். வி. ரங்காராவின் வாய்க்குள் விழுவதைக் கண்டு குழந்தைகள் இன்றும் குதூகலிக்கின்றனர். தொழில் தெரிந்தவர்கள் வியப்பதோ அந்த நிலவைத்தான்.

‘குண்டம்மா கதா’ (1962) போன்ற குடும்பப் படங்களுக்குப் பின்னர், தகழியின் நாவலைத் தழுவி ராமு காரியாட் இயக்கிய ‘செம்மீன்’ (1965) அவரை ஸ்டூடியோச் சுவர்களுக்கு வெளியே, கேரளக் கடற்கரைக்கு அழைத்துச் சென்றது. கடலின் நிறபேதங்களையும் மீனவர் முகங்களில் படியும் வெயிலையும் அலங்காரமின்றி வர்ணத்தில் காட்டிய அப்படம், ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் பெற்றது. நிலவைச் செயற்கையாகப் படைத்தவரே வெயிலை உள்ளபடி ஏற்றுக்கொண்டது, என் அபிப்பிராயத்தில், அவருடைய தொழிலின் உச்சநிலை.

வர்ணப்பட ஒளிப்பதிவுக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது தமிழ்ப்படமான ‘சாந்தி நிலையம்’ (1969) மூலமாகவே. ‘மாயா பஜார்’ வெளிவந்த காலத்தில் ஒளிப்பதிவுக்கென்று அத்தகைய தனி விருது ஏற்பட்டிருக்கவில்லை.