உறைந்த மைதானத்தில் ஒரு பிணக்கு

ரக்பி வீரர் ஆர்தர் கூல்டுக்கு வேல்ஸ் தேசத்து ஜனங்கள் வீடு வாங்கிக் கொடுத்த வைபவத்தையும் அதனால் மூண்ட கலகத்தையும் இவ்வாரம் விஸ்தரிப்பதாகச் சென்ற இதழில் வாக்களித்திருந்தேன். ஆயினும் அந்த வீட்டு வாசற்படியை மிதிக்குமுன், 1893-ஆம் ஆண்டு ஜனவரி 7-ஆம் தேதி கார்டிஃப் ஆர்ம்ஸ் பார்க்கில் நடந்ததைச் சொல்லாவிட்டால், அந்த மனிதரிடம் ஒரு தேசமே ஏன் அவ்வளவு பிரேமை வைத்தது என்பது விளங்காது.

இங்கிலாந்துடன் ஆட்டம், கடுங்குளிரில் தரையோ கல்லாய் இறுகிவிட்டது. ஆகவே இரவு முழுதும் மைதானமெங்கும் சுமார் 500 கணப்புகளை வைத்து, 18 டன் நிலக்கரியை எரித்துப் பனியை இளக்கினார்கள். சுரங்கத்தை நம்பி வாழ்ந்த ஜனங்கள் தங்கள் கரியைக் கொண்டே தங்கள் ஆட்டத்தைக் காப்பாற்றிக்கொண்டார்கள் என்று எண்ணும்போது எனக்கு மெய் சிலிர்க்கிறது.

இங்கிலாந்து ஒன்பது முன்வரிசை வீரர்களுடன் வந்தது. வேல்ஸோ எட்டுப் பேரை மட்டும் முன்னே நிறுத்தி, பின்வரிசையில் நால்வர் ஓடும் புதுமுறையை நம்பியது. முதலில் பலமே ஜெயித்தது. இங்கிலாந்தின் மார்ஷல் ஒருவரே மூன்று டிரை போட்டார். ஆனால் முட்டித் தள்ளிய ஒன்பது பேரும் களைக்கக் களைக்க, வேல்ஸின் ஓட்டம் சூடு பிடித்தது. கூல்ட் இரண்டு டிரை, பிக்ஸ் ஒன்று. அப்படியும் ஆட்டம் முடியும் தறுவாயில் இங்கிலாந்து 11, வேல்ஸ் 9.

அப்போது ஓரக்கோட்டின் அருகே வேல்ஸுக்கு ஒரு பெனால்டி கிடைத்தது. பந்தைத் தரையில் நாட்டி உதைக்கும்படி தலைவர் கூல்ட் சொன்னார். ஸ்வான்ஸீயின் செயின்ட் ஹெலன்ஸ் மைதானத்திலேயே வளர்ந்த பில்லி பான்கிராஃப்டோ, கையிலிருந்து பந்தை நழுவவிட்டு, அது தரையில் பட்டு எழும் கணத்தில்தான் உதைப்பேன் என்று பிடிவாதம் பிடித்தார். இருவருக்கும் அங்கேயே வாக்குவாதம் மூண்டது; கூல்ட் கோபத்துடன் பந்தைக் கீழே எறிந்துவிட்டு அப்பால் நடந்தார் என்பது கர்ணபரம்பரை. பான்கிராஃப்ட் தம் இஷ்டப்படியே உதைத்தார். பந்து கம்பங்களுக்கிடையே சென்றது. வேல்ஸ் 12, இங்கிலாந்து 11!

அந்தக் கணத்தில் பான்கிராஃப்ட் செய்தது சரியே என்பது என் அபிப்பிராயம். ஆனால் கூல்டின் மேன்மை அதன் பிறகுதான் தெரிகிறது: தம் சொல்லை மீறியவர் என்று அவரை ஒதுக்க முனையாமல், தம் கடைசி ஆட்டம் வரையில் அவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே ஆடினார். அந்த ஆண்டே ஸ்காட்லாந்தையும் அயர்லாந்தையும் வென்று, வேல்ஸ் முதன்முறையாக டிரிபிள் கிரௌன் என்னும் கீர்த்தியை அடைந்தது.

27 சர்வதேச ஆட்டங்கள் ஆடி, அவற்றில் 18-க்குத் தலைமை வகித்த கூல்டுக்கு ஜனங்கள் மனமுவந்து நிதி திரட்டி வீடு அளித்ததை, ஆட்டத்துக்குப் பெற்ற கூலி என்று இழித்துரைத்த சர்வதேச சபையாரை நான் மன்னிப்பதற்கில்லை. வேல்ஸ் சங்கம் அச்சபையை விட்டே 1897-இல் விலகியது. கார்டிஃபில் நடந்த விருந்தையும், அங்கே அவர் கைக்கு வந்த வீட்டுப் பத்திரத்தையும் அடுத்த வாரம் காண்போம்.