நண்டுதின்னித் தவளை

நண்டுதின்னித் தவளை தென்கிழக்காசியாவின் அலையாத்திக் காடுகளிலும் கழிமுகச் சேற்றிலும் கடலோர நெல்வயல்களிலும் வாழும் ஒரு தவளை இனம். அறிவியல் பெயர் ஃபெஜெர்வார்யா கான்கிரிவோரா. உப்புநீரைத் தாங்கும் தவளைகளில் அதிகமாக ஆராயப்பட்டவற்றுள் இதுவும் ஒன்று. கடல்நீரில் லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்பு இருக்கிறது. வளர்ந்த தவளை 28 கிராம் வரை தாங்கும். அதன் தலைப்பிரட்டையோ 39 கிராம் வரை, அதாவது கடலை விடக் கரிப்பான நீரிலும் பிழைத்துக்கொள்ளும்.

ஜெர்மானிய விலங்கியலாளர் கிராவென்ஹார்ஸ்ட் 1829இல் இதை விவரித்துப் பெயரிட்டார். கான்கிரிவோரா என்ற இலத்தீன் சொல்லுக்கு நண்டு தின்பது என்று பொருள். அலையாத்திக் காட்டுத் தவளைக்கு இந்தப் பெயர் பொருந்தும். அங்கே சிறு நண்டுகளே அதன் முக்கிய இரை. வயலில் வாழும் தவளைக்கு அவ்வளவாகப் பொருந்தாது, அது பெரும்பாலும் பூச்சிகளைத் தின்று வாழ்கிறது. இந்தோனேசியர்கள் இதை ‘கோடோக் சாவா’, அதாவது வயல் தவளை என்கிறார்கள். சீனர்களுக்கோ இது கடல் தவளை. அவரவர் பார்த்த இடத்தை வைத்து அவரவர் பெயரிட்டிருக்கிறார்கள்.

பார்வைக்கு இதில் விசேஷம் எதுவும் இல்லை. பழுப்பும் சாம்பலும் கலந்த முதுகு, அதில் நீளவாக்கில் தடிப்புகள், கால்களில் கரும்பட்டைகள். பெண் தவளை ஆணை விடப் பெரிது. எட்டு சென்டிமீட்டருக்கு மேலும் வளரும். மழைக்காலத்தில் நம் ஊர் வயல்களில் கத்தும் சிறு தவளைகளும் இதே டைக்ரோகுளோசிடே குடும்பத்தைச் சேர்ந்தவைதான்.

தவளைக்கு உப்பு ஏன் ஆகாது என்பதைக் கருவாடு போடுகிறவர்களிடம் கேட்டாலே போதும். உப்பு பட்ட சதையிலிருந்து நீர் வெளியேறிவிடும். தவளையின் தோல் மெல்லியது, நீர் எளிதாகக் கடக்கக்கூடியது. தவளை வாயால் நீர் குடிப்பதில்லை, தோலால்தான் உறிஞ்சுகிறது. சாதாரணத் தவளையின் இரத்தம் கடல்நீரில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு செறிவே கொண்டது. அதைக் கடலில் விட்டால் உடலின் நீரெல்லாம் தோல் வழியே வெளியேறி இறந்துவிடும். பெருங்கடல் நடுவே உள்ள தீவுகளில் தவளைகள் இல்லாததற்கு டார்வின் 1859இல் சொன்ன காரணமும் இதுதான்: தவளையும் அதன் முட்டையும் கடல்நீர் பட்டதும் செத்துப்போகும், அதனால் கடல் கடந்து அவை போய்ச் சேர்வது கடினம்.

அந்த விதிக்கு இந்தத் தவளை எப்படித் தப்புகிறது? மால்கம் கார்டன், நட் ஷ்மிட் நீல்சன், ஹாமில்டன் கெல்லி ஆகியோர் 1961இல் வெளியிட்ட ஆய்வில் விடை கிடைத்தது. உப்பு உள்ளே வராமல் தடுப்பதில் மட்டும் இது பாடுபடுவதில்லை. தன் இரத்தத்தையே வெளிநீரின் செறிவுக்குச் சற்று மேலே உயர்த்திக்கொள்கிறது. இதற்குப் பயன்படும் பொருள்தான் வியப்பானது. நாம் வயலுக்கு மூட்டை மூட்டையாகக் கொட்டுகிறோமே, அதே யூரியா. மற்றத் தவளைகள் சிறுநீரில் வெளியேற்றிவிடும் கழிவை இது உடலில் சேர்த்து வைக்கிறது. உப்புநீரில் இருக்கும்போது இரத்தச் செறிவு உயர்வதில் பாதிக்கு மேல் யூரியாவின் பங்கு. மனித இரத்தத்தில் இயல்பாக உள்ளதை விடப் பல பத்து மடங்கு யூரியாவைச் சுமந்துகொண்டு இது நண்டு பிடிக்கிறது. நமக்கு அந்த அளவு ஏறினால் உயிர் போய்விடும். உடல் செறிவு வெளிநீரை விடச் சற்றுக் கூடுதலாக இருப்பதால், நீர் வெளியேறுவதற்குப் பதிலாகச் சிறிது உள்ளே வருகிறது. சிறுநீரும் மிகக் குறைவாகவே போகிறது.

இது சுறாவின் வழி. நாள்பட்ட சுறாவை வாங்கி ஏமாந்தவர்களுக்கு அந்த மூக்கைத் துளைக்கும் நெடி நினைவிருக்கும். சதையில் இருந்த யூரியா அமோனியாவாக மாறியதன் விளைவு அது.

தலைப்பிரட்டையின் வழி முற்றிலும் வேறு. அது யூரியாவை நம்புவதில்லை. கடலில் வாழும் எலும்பு மீன்களைப் போல, தன் இரத்தத்தை வெளிநீரை விட நீர்த்ததாகவே வைத்துக்கொண்டு, உள்ளே வரும் மிகை உப்பைச் செவுள் வழியே வெளியேற்றுகிறது. ஒரே உயிர் இளமையில் மீனாகவும் வளர்ந்தபின் சுறாவாகவும் உப்பைச் சமாளிக்கிறது. இந்த இனத்தில் என்னைக் கேட்டால் நண்டை விட இதுதான் பெயருக்குத் தகுதியான செய்தி.

ஆனாலும் இதைக் கடல்வாழ் தவளை என்று சொல்வது மிகை. இது ஆழ்கடலுக்குப் போவதில்லை. ஏற்றவற்றம் உள்ள கரையோரத்தில் இரை தேடுகிறது. மிகுந்த உப்பில் தலைப்பிரட்டை உயிரோடு இருக்குமே தவிரத் தவளையாக மாறாது. மழை பெய்து குட்டையின் உப்பு குறைந்த பிறகே உருமாற்றம் முடிகிறது.

வகைப்பாட்டில் ஒரு சிக்கல் உண்டு. மரபணு ஆய்வுகள் வந்தபின், இந்தப் பெயரில் ஒன்றுக்கு மேற்பட்ட இனங்கள் இருந்தது தெரிந்தது. வங்கதேசம், தாய்லாந்து, பிலிப்பைன்ஸ் அலையாத்திக் காடுகளில் உள்ளவற்றை இன்று ஃபெஜெர்வார்யா மூடியை என்ற தனி இனமாகக் கருதுகிறார்கள். இந்தோனேசியா, மலேசியா பகுதிகளின் பெரிய வயல் தவளைக்கே பழைய பெயர் நிற்கிறது. ஆகவே பழைய ஆய்வுகளைப் படிக்கும்போது தவளை எந்த ஊரில் பிடிபட்டது என்று பார்த்துக்கொள்வது நல்லது. பசிபிக் தீவான குவாமில் இருப்பவை மனிதரால் கொண்டுபோய் விடப்பட்டவை.

ஜாவாவில் இரவு வேளைகளில் வயலில் விளக்கோடு சென்று இதைப் பிடிக்கிறார்கள். உள்ளூர்ச் சந்தைக்குப் போவது போக, உறைய வைத்த தவளைக் கால்களாக ஐரோப்பாவுக்கும் கப்பலேறுகிறது. ஒருகாலத்தில் அந்தச் சந்தையில் இந்தியாவுக்குப் பெரிய இடம் இருந்தது. இந்தியா 1987இல் தவளைக் கால் ஏற்றுமதியைத் தடை செய்தது, வங்கதேசமும் பின்தொடர்ந்தது. அந்த இடத்தை இந்தோனேசியா பிடித்தது. அங்கிருந்து ஏற்றுமதியாகும் முக்கிய இனங்களில் ஒன்று நண்டுதின்னித் தவளை. அவற்றுள் பெரும்பகுதி பண்ணையில் வளர்த்தவை அல்ல, வயலில் பிடித்தவை.